குச்சியும் தாடைக் கட்டையும் போக, லூயி ஷ்போர் யார்?

மழைநாள்:

வயலின் கற்க ஆரம்பித்து எட்டு மாதம் ஆகிறது. மேற்கத்திய முறை, நின்றுகொண்டு வாசிப்பது. வயது நாற்பத்தொன்று, அதனால் யாரும் சிரிக்க வேண்டாம். போன வாரம் கழுத்தில் இடது பக்கம் சிவந்து தடித்துவிட்டது, சின் ரெஸ்டை, அதாவது வயலினில் தாடையை வைக்கும் கட்டையை, கழற்றிவிடட்டுமா என்று ஆசிரியரிடம் கேட்டதற்கு "அதைக் கண்டுபிடித்த ஷ்போரைப் போய்க் கேளுங்கள்" என்றார். யார் என்று தேடினேன். ஜெர்மன்காரர். வயலின் கலைஞர், கண்டக்டர், வாத்தியார், இசையமைப்பாளர், எல்லாம் ஒரே ஆள். ஆர்கெஸ்ட்ராவுக்கு முன்னால் குச்சி பிடித்து நின்றதில் முன்னோடி என்கிறார்கள். ஒத்திகையில் "சி-யிலிருந்து ஆரம்பிங்க" என்று சொல்ல வசதியாக இசைத்தாளில் எழுத்துகள் போட்டதும் இவர்தானாம். இத்தனை செய்தவர் பெயர் எனக்கு நாற்பத்தொரு வயதில்தான் தெரிகிறது என்றால் தப்பு என்னுடையதா, உலகத்தினுடையதா? தெரிந்தவர்கள் கொஞ்சம் விரிவாகச் சொல்லுங்கள்.

நாலுகட்டை:

கண்டக்டர் என்று பார்த்ததும் விசில் சத்தம் கேட்டது எனக்கு. போகட்டும். நாங்கள் கால் மடக்கி உட்கார்ந்து, வயலின் தலையைப் பாதத்தில் சாய்த்து வாசிக்கிற கூட்டம். எங்கள் வயலினிலும் அந்தக் கட்டை இருக்கிறது, கடையில் அதோடுதான் வருகிறது. முப்பது வருடமாக என் தாடை அதன்மேல் பட்டதில்லை. அது யார் வேலை என்று இன்றைக்குத்தான் தெரிகிறது.

பழைய கேசட்:

மழைநாள், கழுத்துக்கு ஒரு பருத்திக் கைக்குட்டையை மடித்து வைத்து வாசியுங்கள். இப்போது ஷ்போர். கொஞ்சம் நீளமாகப் போகும், டீ போட்டுக்கொண்டு வந்து படிக்கவும்.

1784 ஏப்ரல் 5, பிரவுன்ஷ்வைக் நகரம். அப்பா மருத்துவர், புல்லாங்குழல் வாசிப்பார். அம்மா பாடுவார், பியானோ வாசிப்பார். பதினைந்து வயதில், 1799-ல், பையன் தனியாகக் கச்சேரி செய்து பிழைக்கட்டும் என்று சிபாரிசுக் கடிதங்களோடு ஹாம்பர்குக்கு அனுப்பினார்கள். அங்கே ஒருவரும் சீந்தவில்லை, கையில் இருந்த காசும் கரைந்தது, நடந்தே திரும்பினார். வீட்டில் எந்த முகத்தோடு போய் நிற்பது என்ற யோசனையில் வழியிலேயே ஒரு முடிவு செய்தார். பிரவுன்ஷ்வைக் கோமகன் சின்ன வயதில் வயலின் வாசித்தவர், அவரிடமே மனு கொடுத்துவிடலாம் என்று. மனு எழுதி, அரண்மனைத் தோட்டத்தில் அவர் உலாவுகிற நேரம் பார்த்து நேரில் நீட்டினார். கூப்பிட்டு வாசிக்கச் சொன்னார்கள், அந்த ஆகஸ்டிலேயே அரண்மனை இசைக்குழுவில் வேலை.

இனிமேல்தான் எனக்குப் பிடித்த இடம். கோமகனின் மனைவி சீட்டு விளையாடும் அறையில்தான் கச்சேரி. இசை சத்தமாகக் கேட்டால் ஆட்டம் கெடும் என்று இசைக்குழுவின் காலடியில் கனமான கம்பளம் விரித்திருப்பார்கள். ஒருநாள் ஷ்போர் தான் புதிதாக எழுதிய கான்செர்ட்டோவை (இசைக்குழு துணையோடு ஒருவர் முன்னணியில் வாசிக்கும் படைப்பு) வாசிக்கிறார், சூடு பிடிக்கிறது, ஒரு பணியாள் பின்னால் வந்து வில் பிடித்த கையைப் பற்றி "அம்மா உங்களை இவ்வளவு பலமாக அறுக்க வேண்டாம் என்கிறார்கள்" என்று காதில் சொல்கிறான். பையன் கையை உதறிக்கொண்டு இன்னும் பலமாக வாசித்தான். அரண்மனை அதிகாரியிடம் நன்றாக வாங்கிக்கட்டிக்கொண்டான் என்பது வேறு விஷயம். கோமகன் கேட்டுச் சிரித்தாராம்.

அதே கோமகன் செலவில் 1802-ல் ஃபிரான்ஸ் எக் என்ற வயலின்காரரோடு செயின்ட் பீட்டர்ஸ்பர்க் வரை போனார். பாடம் எல்லாம் பயணத்திலேயே, வண்டி நிற்கிற ஊரில். அங்கே பேர்பெற்ற குவர்னேரி குடும்பத்தார் செய்த வயலின் ஒன்று கைக்கு வந்தது. 1804-ல் அதை எடுத்துக்கொண்டு பாரிஸுக்குக் கிளம்பியபோது, கோட்டிங்கன் ஊர் வாசலில், வண்டியின் பின்னால் கட்டியிருந்த பெட்டியைக் கயிற்றை அறுத்துத் தூக்கிவிட்டார்கள். மறுநாள் வயல்வெளியில் பெட்டியும் வயலின் உறையும் காலியாகக் கிடந்தன. உறையின் மூடியில் செருகியிருந்த, டூர்ட் என்ற கைவினைஞர் செய்த வில் மட்டும் திருடன் கண்ணில் படாமல் அப்படியே இருந்தது. பாரிஸ் பயணம் அதோடு நின்றது. ஊருக்குத் திரும்பி, அந்த டிசம்பரில் லைப்சிக்கில் கச்சேரி செய்தார். அங்கே வெளியான இசைப் பத்திரிகையில் ரோக்லிட்ஸ் எழுதிய விமர்சனம் ஒன்று போதும் என்றாகிவிட்டது, ஜெர்மனி முழுக்கப் பெயர் பரவியது. அப்போது இருபது வயது. அடுத்த வருடமே கோதா அரண்மனையில் இசைக்குழுத் தலைவர்.

குறுக்குக் கேள்வி:

கேசட் சார், ரசித்துப் படித்தேன், பொய் சொல்லவில்லை. ஆனால் இந்தக் கம்பளம், வில், தோட்டம் எல்லாம் எங்கிருந்து வருகிறது? அவரே எழுதிய தன்வரலாற்றிலிருந்து. அறுபது வயதுக்கு மேல் உட்கார்ந்து எழுத ஆரம்பித்தது, அவர் இறந்த பிறகு 1860-61-ல் அச்சானது. கதையில் எப்போதும் ஷ்போர்தான் நிமிர்ந்து நிற்கிறார், கவனித்தீர்களா?

அந்த லண்டன் குச்சி விவகாரமும் இதே ரகம். 1820-ல் பில்ஹார்மோனிக் சொசைட்டி கூப்பிட்டுப் போகிறார். லண்டனில் அப்போது பழக்கம் என்னவென்றால், ஒருவர் எல்லா வாத்தியங்களின் வரிகளும் உள்ள ஸ்கோரை வைத்துக்கொண்டு பியானோ முன்னால் உட்கார்ந்திருப்பார், முதல் வயலின்காரர் அவ்வப்போது வில்லை ஆட்டி வழிநடத்துவார். பொறுப்பு யாருக்கு என்பது யாருக்கும் தெரியாது. நம் ஷ்போர் ஒத்திகையில் எல்லாருக்கும் முன்னால் போய் நின்று, பாக்கெட்டிலிருந்து குச்சியை எடுத்தாராம், சபைக்காரர்கள் பதறினார்களாம், ஒரு சிம்பனி முடிவதற்குள் எல்லாரும் ஒப்புக்கொண்டார்களாம், அன்றோடு அங்கே பியானோ முன்னால் உட்காரும் வழக்கமே ஒழிந்ததாம். நம்புகிற மாதிரியா இருக்கிறது? அந்தச் சங்கத்தின் நிகழ்ச்சித் தாள்களில் அதற்குப் பிறகும் பல வருடம் "லீடர்" ஒருவர், "பியானோவில்" ஒருவர் என்று இரண்டு பெயர்கள் அச்சாகிக்கொண்டே இருந்தன. கோஸ்டா என்ற கண்டக்டர் 1846-ல் பொறுப்பேற்கும்போதுதான் ஒரே ஆள் என்ற ஏற்பாடு அங்கே நிலைத்தது. ஒழிந்தது என்றால் எப்படி ஒழிந்தது?

போதாக்குறைக்கு இசையமைப்பாளர் வேபர் டிரெஸ்டனில் 1817-லேயே குச்சியோடு நின்றவர்.

நாலுகட்டை:

குச்சி என்றால் லுல்லி கதைதான் எனக்குத் தெரியும். தரையில் தடியால் தாளம் தட்டியவர், அது கால்விரலில் பட்டுப் புண் புரையோடி 1687-ல் செத்தே போனார். அதற்கு இந்தச் சின்னக் குச்சி எவ்வளவோ தேவலை.

பழைய கேசட்:

குறுக்கு, லண்டன் விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி, கிழவர் நினைவில் கொஞ்சம் வெல்லப்பாகு ஊற்றியிருக்கிறார். ஆனால் அதை மட்டும் பிடித்துக்கொண்டு ஆளையே தள்ளிவிடாதீர்கள். தன்வரலாற்றை விட்டுவிட்டு வெளிச் சாட்சியைப் பார்ப்போம். 1810-ல் துரிங்கியாவில் பிராங்கன்ஹவுசன் என்ற சிற்றூரில் பெரிய இசை விழா ஒன்று நடந்தது, அந்த மாதிரி விழாக்களுக்கு ஜெர்மனியில் பிள்ளையார் சுழி போட்டது அதுதான். ஷ்போர்தான் நடத்தினார். பார்த்துவிட்டு எழுதியவர் கெர்பர், இசைக் கலைஞர்கள் பற்றிய அகராதி தொகுத்தவர். காகிதச் சுருள் ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, சத்தமே இல்லாமல், முகத்தைச் சுளிக்காமல் நடத்தினார் என்று வியந்திருக்கிறார். சத்தமே இல்லாமல் என்பது ஏன் வியப்பு என்றால், அதுவரை கண்டக்டர் என்றால் காலால் உதைப்பது, பியானோவில் ஓங்கி அடிப்பது, வில்லால் ஸ்டாண்டைத் தட்டுவது. பிற்பாடு பிராங்ஃபர்ட் ஓபராவில் முதலில் வயலினைக் கையில் வைத்துக்கொண்டே நடத்தி, ஆட்கள் பழகியதும் அதைக் கீழே வைத்துவிட்டுக் குச்சிக்கு மாறினார்.

முதல் ஆள் அவர் இல்லை. ஆனால் அந்த வேலையைச் சத்தமில்லாத வேலையாக்கியவர்களில் அவர் ஒருவர்.

குறுக்குக் கேள்வி:

சரி, காகிதச் சுருளை ஏற்றுக்கொள்கிறேன்.

மழைநாள்:

இடையில் ஒரு சின்னக் கேள்வி. மனைவி ஹார்ப் வாசிப்பவர் என்று எங்கோ படித்தேன். வயலினும் ஹார்ப்பும் எப்படி ஒத்துப்போகும்? எங்கள் வகுப்பில் பியானோவோடு சேர்ந்து வாசிப்பதற்கே நான் தடுமாறுகிறேன்.

வில்லும் ரோசினும்:

இதற்காகத்தான் உள்ளே வந்தேன். (இருபது வருடமாகப் பிள்ளைகளுக்கு வயலின் சொல்லித் தருகிறேன், ஷ்போர் என் பழைய பைத்தியம்.)

டோரெட் ஷைட்லர். கோதாவில் அரண்மனைப் பாடகியின் மகள். 1806 பிப்ரவரியில் கல்யாணம், மாப்பிள்ளைக்கு இருபத்தொன்று, பெண்ணுக்குப் பதினெட்டு. இரண்டு பேரும் சேர்ந்தே ஊர் ஊராகக் கச்சேரி செய்தார்கள், ஹார்ப்பை ஏற்றிச் செல்லத் தனியாக ஒரு வண்டியே செய்து வைத்திருந்தார்கள்.

உங்கள் கேள்விக்குப் பதில் ரொம்ப அழகானது. வயலின் எந்தச் சுருதியில் கணீரென்று பேசும்? டி, ஜி. திறந்த தந்திகள் அதிர்ந்து கொடுக்கும். அந்தக் காலத்து ஒற்றைப் பெடல் ஹார்ப்புக்கு இயல்பான சுருதி இ ஃபிளாட். அது வயலினுக்கு மந்தமாக இருக்கும். ஷ்போர் என்ன செய்தார் என்றால் ஹார்ப்பை அரைச் சுரம் கீழே இறக்கிக் கட்டச் சொன்னார். டோரெட் தாளில் இ ஃபிளாட்டில் எழுதியதை வாசிப்பார், காதில் விழுவது டி. வயலின் தாளில் டி என்றே இருக்கும். இரண்டு வாத்தியமும் தன் தன் வசதியில். கூடவே, தந்தியின் இழுவிசை குறைவதால் கச்சேரி நடுவில் ஹார்ப் தந்தி அறுந்துபோகிற தொல்லையும் குறைந்தது. பொண்டாட்டி விரலையும் தந்தியையும் பற்றி யோசித்து எழுதிய மனுஷன்.

1820-ல் லண்டனில்தான் டோரெட் கடைசியாக மேடையில் ஹார்ப் வாசித்தார். எரார்டின் புது இரட்டைப் பெடல் ஹார்ப் இறுக்கமாக, கனமாக இருந்தது, உடம்பு தாங்கவில்லை. அதற்குப் பிறகு அவருக்காக ஷ்போர் பியானோ எழுத ஆரம்பித்தார். 1834-ல் டோரெட் இறந்துபோனார்.

நாலுகட்டை:

சுருதி இறக்கிக் கட்டும் சமாச்சாரம் எங்களுக்கு அன்றாடம். பாடகர் சுருதிக்கு வயலினை இறக்கினால் தந்தி தொளதொளவென்று ஆகும், அதற்குத் தடித்த தந்தி மாட்ட வேண்டும். அந்த அம்மாவின் நிலைமை நன்றாகப் புரிகிறது.

பழைய கேசட்:

வில்லும் ரோசினும் அம்மா வந்துவிட்டதால் வாத்தியார் பகுதியை அவர்களுக்கே விடுகிறேன். நான் ஒரு கதை சொல்லிவிட்டு நகர்கிறேன், குறுக்கு திட்டினாலும் பரவாயில்லை.

1808, எர்ஃபுர்ட். நெப்போலியன் மன்னர்களையெல்லாம் கூட்டி மாநாடு நடத்துகிறார், ராத்திரி பிரெஞ்சு நாடகம். பொதுஜனத்துக்கு அனுமதி இல்லை. பக்கத்தில் கோதாவில் இருக்கும் ஷ்போருக்கு எப்படியாவது பார்க்க வேண்டும். மாணவர்கள் சிலரை அழைத்துக்கொண்டு போய், இடைவேளை இசை வாசிக்கும் ஆட்களைப் பிடித்து, அவர்களுக்குப் பதிலாக இவர்கள் உட்கார ஏற்பாடு செய்கிறார். வயலின் இடம் கிடைத்தால் பிரச்சினையே இல்லை, ஆனால் காலியாகக் கிடைத்தது ஹார்ன். வாழ்நாளில் ஊதாத வாத்தியம். ஒரே பகலில் ஊதிப் பழகினார், சாயங்காலத்துக்குள் உதடு கறுத்து வீங்கிவிட்டது. அப்புறம் ஒரு சிக்கல், இசைக்குழு பார்வையாளர்களுக்கு முதுகு காட்டி உட்கார வேண்டும், திரும்பிப் பார்க்கக் கூடாது என்று கண்டிப்பான உத்தரவு. அது முன்பே காதில் விழுந்ததால் பையில் ஒரு சின்னக் கண்ணாடி கொண்டுவந்திருந்தார். நோட்ஸ் ஸ்டாண்டில் அதைச் சாய்த்து வைத்து, ஊதுகிற நேரம் போக மீதி நேரமெல்லாம் நெப்போலியனையும் ரஷ்யாவின் ஜாரையும் கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருந்தார்.

குறுக்குக் கேள்வி:

இதைத் திட்ட மாட்டேன். வீங்கின உதட்டை யாரும் பெருமைக்காக இட்டுக்கட்டிச் சொல்ல மாட்டார்கள்.

கஸ்ஸல்காரன்:

வணக்கம். ஆறு வருடமாக ஜெர்மனியில் கஸ்ஸல் நகரத்தில் வேலை. இந்த இழையை இன்று மதியச் சாப்பாட்டு நேரத்தில் பார்த்தேன், பிறகு வேலை ஓடவில்லை. ஓப்பர்ன்பிளாட்ஸ் என்ற சதுக்கத்தில் ஷ்போர் சிலை இருக்கிறது, 1883-ல் வைத்தது. வந்த புதிதில் அதன் பீடத்தில் உட்கார்ந்து சாண்ட்விச் சாப்பிட்டிருக்கிறேன், யாரோ அந்தக் காலத்து மந்திரி என்றுதான் நினைத்தேன். சுற்றிலும் கடைகள், பக்கத்திலேயே டிராம், சுற்றுலாக்காரர்கள் எல்லாரும் கிரிம் சகோதரர்களைத் தேடிப் போகிறவர்கள்.

நீங்கள் எல்லாரும் இளமைக் கதையிலேயே நிற்கிறீர்கள். அவர் வாழ்க்கையில் ஏறக்குறைய பாதி இந்த ஊரில்தான் போனது, அதைப் பற்றி யாரும் பேசவில்லையே என்று எழுதுகிறேன். 1822 ஜனவரியில் அரண்மனை இசை இயக்குநராக வந்தார். முதலில் வேபரைத்தான் கேட்டார்கள், அவர் வர மறுத்து ஷ்போர் பெயரைச் சொன்னார். வருடம் 2000 தாலர், ஆயுள் முழுக்க வேலை. வந்த கையோடு செசிலியா பெயரில் ஒரு பாடகர் சங்கம் ஆரம்பித்தார். இயேசுவின் பாடுகளைப் பாடும் பாகின் மத்தேயு பேஷன் என்ற பெரிய படைப்பை மெண்டல்சோன் 1829-ல் பெர்லினில் மீட்டெடுத்த பிறகு, சில வருடத்திலேயே அதை இங்கேயும் கொண்டுவந்து பாடவைத்தார். 1843-ல், வாக்னரின் பறக்கும் டச்சுக்காரன் ஓபராவை டிரெஸ்டனில் முதல்முறை போட்ட அதே வருடம், கஸ்ஸலில் மேடையேற்றினார். வாக்னர் அப்போது பெயர் எடுக்காத இளைஞர். ஷ்போருக்கு வயது ஐம்பத்தொன்பது, அந்த மாதிரி இசை அவருக்குப் பழக்கமே இல்லை. 1853-ல் வாக்னரின் டான்ஹாய்சர் ஓபராவும்.

மேலிடத்தோடு மட்டும் ஒத்துப்போகவில்லை. ஆட்சியாளர் ஒரு சின்னப் புத்திக்காரர், லீவு கொடுக்கவே மாட்டார். 1842-ல் இங்கிலாந்தில் நார்விச் விழாவுக்காக ஷ்போர் ஒரு ஆரட்டோரியோ (நடிப்பில்லாமல் பாடும் பெரிய கதைப் படைப்பு) எழுதி முடித்துவிட்டார், நடத்த வரச் சொல்லி அங்கிருந்து மனுமேல் மனு வருகிறது, ஆட்சியாளர் அனுமதி தரவில்லை. 1851-ல் ஒப்பந்தப்படி உரிமையான இரண்டு மாத லீவுக்குக்கூடக் கையெழுத்துப் போடவில்லை. ஷ்போர் கையெழுத்து இல்லாமலே கிளம்பிவிட்டார், திரும்பி வந்ததும் சம்பளத்தில் பிடித்துக்கொண்டார்கள். எங்கள் ஆபீஸ் எச்.ஆர். இதைப் படிக்காமல் இருக்க வேண்டும்.

அரசியலிலும் வெளிப்படையாகப் பேசுபவர். 1848 மார்ச், ஏப்ரலில் நாடே கொந்தளித்தபோது தந்தி வாத்தியங்கள் ஆறுக்கு ஒரு செக்ஸ்டெட் எழுதினார், தன் படைப்புப் பட்டியலில் அதன் பக்கத்தில் இது மக்களின் புகழ்மிக்க புரட்சிக் காலத்தில் எழுதியது என்று குறித்துவைத்தார். அரண்மனைச் சம்பளம் வாங்குகிற ஆள்! கேட்டுப்பாருங்கள், கோபமே இல்லாத இசை, வெயில் அடிக்கிற மாதிரி இருக்கும்.

மழைநாள்:

இது எனக்குத் தெரியாத ஷ்போர். நன்றி நண்பரே. ஒரு போட்டோ எடுத்துப் போடுங்களேன்.

வில்லும் ரோசினும்:

சரி, வாத்தியார்.

கஸ்ஸலில் ஐரோப்பா முழுக்க இருந்து பிள்ளைகள் வந்தார்கள், மொத்தத்தில் இருநூறு பேர் அளவுக்கு இருக்கும். வயலின் மட்டும் சொல்லிக்கொடுத்து அனுப்ப மாட்டார். இசை இலக்கணத்துக்கு மோரிட்ஸ் ஹாப்ட்மனிடம் போகச் சொல்வார், அவரும் ஷ்போரின் பழைய மாணவர், அதே இசைக்குழுவில் வயலின் வாசித்தவர். மாணவர்களோடு நீந்தப் போவார், நீண்ட தூரம் நடக்கப் போவார். ஆள் நெடுநெடுவென்று உயரம், பெரிய கை. அந்தக் கை எட்டுகிற தூரத்தை வைத்து அவர் எழுதிய பத்து-சுர நீட்டல்களில் என் விரல் எத்தனை தடவை அழுதிருக்கிறது தெரியுமா.

அவர் எழுதிய வயலின் பாடநூல் 1832-33 வாக்கில் வியன்னாவில் ஹாஸ்லிங்கர் அச்சிட்டது. முன்னுரை பெற்றோருக்கும் ஆசிரியருக்கும். பயிற்சிகளில் மாணவனுக்கு ஒரு வரி, கீழே ஆசிரியர் இரண்டாம் வயலினில் கூடவே வாசிக்க ஒரு வரி. இதை நான் என் வகுப்பில் அப்படியே செய்கிறேன். நான் ஓரமாக உட்கார்ந்து "தப்பு, தப்பு" என்று சொல்வதைவிட, கூடவே வாசித்தால் பிள்ளை தானாகவே சுரத்தைச் சரிசெய்துகொள்கிறது. விப்ராட்டோவை, அதாவது விரலை ஆட்டிச் சுரத்தை அசைப்பதை, நான்கு விதமாகப் பிரிக்கிறார், வேகமாக, மெதுவாக, மெதுவில் ஆரம்பித்து வேகமாக, வேகத்தில் ஆரம்பித்து மெதுவாக. நெளி கோடு போட்டுக் காட்டுகிறார். எல்லாச் சுரத்திலும் ஆட்டாதே, தேவையான இடத்தில் மட்டும் என்கிறார். இப்போது வாசிக்கிறவர்கள் எத்தனை பேர் கேட்பார்கள்!

சின் ரெஸ்டும் அதே புத்தகத்தில்தான் இருக்கிறது, பத்து வருடத்துக்கு மேலாகத் தானும் மாணவர்களும் பயன்படுத்துவதாகச் சொல்கிறார். மழைநாள் தம்பி, உங்கள் கழுத்துச் சிவப்புக்கு அவரைத் திட்டாதீர்கள். அவர் வைத்தது இடது பக்கம் இல்லை, நடுவில், தந்திகளின் அடிமுனையைப் பிடித்திருக்கும் டெயில்பீஸுக்கு நேர் மேலே. அதுவரை தாடை வயலின் பலகையிலோ டெயில்பீஸிலோ அழுத்தும், அழுத்தினால் அதிர்வு செத்துப்போகும், இடது கை இறங்கும்போது வயலின் நழுவும். கட்டை வந்த பிறகு வயலினைத் தாடையே பிடித்துக்கொள்கிறது, இடது கை மேலும் கீழும் தாராளமாகப் போகலாம். அவ்வளவு உயரமான ஆளுக்கு அது எவ்வளவு நிம்மதி.

மாணவர்களில் ஒருவரைச் சொல்லாமல் விடக் கூடாது. ஃபெர்டினாண்ட் டேவிட், 1820-களில் சிறுவனாகக் கஸ்ஸலில் படித்தவர். பிறகு லைப்சிக் கெவண்ட்ஹவுஸ் இசைக்குழுவின் முதல் வயலின். மெண்டல்சோனின் இ மைனர் கான்செர்ட்டோவை 1845 மார்ச் 13-ல் முதலில் வாசித்தவர் அவர்தான், எழுதும்போதே வயலின் நுணுக்கங்களுக்கு மெண்டல்சோன் அவரைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். லைப்சிக்கில் பிற்காலத்து வயலின் மேதை யோஆகிமுக்கு வழிகாட்டியவர்கள் டேவிடும் ஹாப்ட்மனும். யோஆகிம் இல்லாமல் பிராம்ஸ் கான்செர்ட்டோ இல்லை. கணக்கு எங்கே போய் முடிகிறது பாருங்கள்.

பழைய கேசட்:

அமெரிக்காவையும் சேர்த்துக்கொள்ளுங்கள் அம்மா. யூரேலி கொரேலி ஹில் என்ற நியூயார்க்காரர் 1830-களின் நடுவில் கடல் கடந்து வந்து கஸ்ஸலில் படித்துவிட்டுப் போனார். 1842-ல் நியூயார்க் பில்ஹார்மோனிக்கை ஆரம்பித்ததில் முக்கியமானவர் அவர்.

குறுக்குக் கேள்வி:

மாணவர்கள் விஷயத்தில் வாயை மூடிக்கொள்கிறேன். ஆனால் மழைநாளின் முதல் கேள்வி அப்படியே நிற்கிறது, பீத்தோவன் மாதிரி ஏன் இவர் பெயர் இல்லை? என் பதில் கொஞ்சம் கடுமை. அவர் காலத்தில் மலையளவு புகழ், பத்துக்குக் கிட்டத்தட்ட சிம்பனி, அதற்குச் சமமாக ஓபரா, நாலு தந்தி வாத்தியத்துக்கான குவார்ட்டெட் முப்பத்தாறு, எண்ணி மாளாத கான்செர்ட்டோ. 1885-ல் லண்டனில் மேடையேறிய மிகாடோ என்ற நகைச்சுவை ஓபராவில்கூட பாக், பீத்தோவன் பெயர்களோடு இவர் பெயரையும் சேர்த்துப் பாடுகிறார்கள். பிறகு காணாமல் போனார். ஏனென்றால் எல்லாம் ஒரே இனிப்பு. அரைச் சுரம் அரைச் சுரமாகச் சறுக்கிக்கொண்டே போகும் அந்த நடை முதல் பத்து நிமிடம் அபாரம், அரை மணியில் திகட்டிவிடும்.

ரசனையும் ஒரு இடத்தில் உறைந்துவிட்டது. இளமையில் பீத்தோவனின் முதல் குவார்ட்டெட்டுகளை, பெர்லினில் பெரியவர்கள் முகம் சுளித்தபோதும் பிடிவாதமாக வாசித்துக் காட்டியவர். வியன்னாவில் 1813 டிசம்பரில் ஏழாம் சிம்பனி முதல்முறை அரங்கேறியபோது அந்த வயலின் வரிசையில் உட்கார்ந்து வாசித்தவர். அப்பேர்ப்பட்டவர் ஒன்பதாம் சிம்பனியின் கடைசிப் பகுதியை ரசனைக்குறைவு என்று எழுதிவைத்துவிட்டுப் போயிருக்கிறார். வயலின் வித்தகர் பாகனினியையும் அப்படித்தான். 1830-ல் அவர் கஸ்ஸலுக்கு வந்து வாசித்தபோது இடது கையையும் சுர சுத்தத்தையும் மெச்சினார், மற்றபடி மேதைமையும் சிறுபிள்ளைத்தனமும் கலந்த விசித்திரம் என்று முடித்துவிட்டார். வில்லைத் தந்திமேல் துள்ளவிட்டு வாசிப்பதே அவருக்குப் பிடிக்காது.

வில்லும் ரோசினும்:

துள்ளல் வில் பிடிக்காது என்பது உண்மை. ஆனால் அது முதுமைப் பிடிவாதம் இல்லை, அவர் வயலினை ஒரு பாடகர் மாதிரி நினைத்தார். எட்டாம் கான்செர்ட்டோவைக் கேட்டிருக்கிறீர்களா? 1816 செப்டம்பரில் மிலானின் லா ஸ்காலா ஓபரா அரங்கில் வாசிக்க என்றே எழுதியது. இத்தாலிக்காரர்களுக்குப் பாட்டு தவிர வேறு எதிலும் காது இல்லை என்று தெரிந்து, ஒரு ஓபராக் காட்சி மாதிரியே அமைத்தார். வயலின்தான் கதாநாயகி. முதலில் பேசுகிறாள், பிறகு பாடுகிறாள். இருபது நிமிடம்தான், திகட்ட நேரமே இல்லை. ஹைஃபெட்ஸ் வாசித்த பதிவு இருக்கிறது. ஹிலரி ஹான் 2006-ல் பாகனினியின் முதல் கான்செர்ட்டோவையும் இதையும் ஒரே தட்டில் போட்டார், உங்களுக்கென்றே செய்த மாதிரி.

நாலுகட்டை:

யாரும் சொல்லாத ஒன்று. யெஸ்ஸோண்டா என்று ஒரு ஓபரா, 1823 ஜூலை 28 கஸ்ஸலில் முதல் முறை. கதை எங்கே நடக்கிறது என்று பார்த்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தேன். மலபார்க் கரை! ராஜா செத்துப்போகிறார், இளம் விதவையை உடன்கட்டை ஏற்றப் போகிறார்கள், செய்தி சொல்ல வந்த இளம் பிராமணன் விதவையின் தங்கையைப் பார்த்து மனம் மாறுகிறான், வெளியே முற்றுகையிட்டு நிற்கும் போர்ச்சுகீசியத் தளபதி அவளுடைய பழைய காதலன். ஒரு பிரெஞ்சு நாடகத்திலிருந்து எடுத்த கதை. அந்தக் கரையில் வழக்கம் என்ன என்று ஒருவரும் விசாரித்த மாதிரித் தெரியவில்லை, பெயர்களைப் பாருங்கள், நாதோரி, அமாசிலி. நம் பக்கத்தில் இந்தப் பெயரைக் கூப்பிட்டால் ஒருவரும் திரும்ப மாட்டார்கள். ஆனால் இங்கே கவர்னர் ஜெனரல் பெண்டிங்க் 1829-ல் சதிக்குத் தடை போடுவதற்கு ஆறு வருடம் முன்னால், ஜெர்மனியில் ஒரு சிற்றரசனின் பிறந்தநாளில் அந்தச் சிதையை மேடையில் வைத்து ஒரு கூட்டம் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறது. இசை எப்படி என்றால், முதல் காட்சியின் சாவுச் சடங்குக் கோரஸ் நன்றாக இருக்கிறது. நம் ராகம் எதுவும் தேட வேண்டாம், சுத்த ஜெர்மனி.

குறுக்குக் கேள்வி:

எட்டாம் கான்செர்ட்டோ கேட்டுவிட்டு வருகிறேன்.

கஸ்ஸல்காரன்:

கடைசிக் காலத்தையும் எழுதிவிடுகிறேன், நேற்று விட்டுப்போனது. 1857 நவம்பரில் அவர் விருப்பத்தைக் கேட்காமலே ஓய்வு கொடுத்தார்கள். ஆயுள் ஒப்பந்தம் என்பதெல்லாம் காகிதத்தில்தான். 2000 தாலர் 1500 ஆனது. அடுத்த சில வாரத்தில் விழுந்து இடது கை முறிந்தது. எழுபத்துமூன்று வயதில் கூடிய எலும்பு, அந்த எட்டும் கை இனி தந்திமேல் எட்டவில்லை, வயலினை மூடி வைத்தார். ஆனாலும் 1858-ல் பிராக் இசைப்பள்ளியின் ஐம்பதாம் ஆண்டுக்குப் போய் யெஸ்ஸோண்டாவைத் தானே நின்று நடத்தினார். 1859 அக்டோபர் 22, இங்கேயே இறந்தார்.

சிலை படம் எடுக்கப் போனேன், மழை, டிராம் நிறுத்தத்திலிருந்து எடுத்தது, பாதி குடைதான் தெரிகிறது. மன்னிக்கவும்.

குறுக்குக் கேள்வி:

கேட்டேன், ஹைஃபெட்ஸ். இரண்டு தடவை. நடுவில் வருகிற மெதுவான பாட்டுக்காக மட்டும் மூன்றாவது தடவை. சிம்பனிகளைப் பற்றிச் சொன்னதில் மாற்றம் இல்லை, மற்றதை வாபஸ் வாங்குகிறேன். வில்லும் ரோசினும் மேடம், அடுத்து என்ன?

வில்லும் ரோசினும்:

நோனெட். 1813, வியன்னா, ஒன்பது வாத்தியம். டோஸ்ட் என்ற பணக்காரத் துணி வியாபாரி எழுதச் சொன்னது. மூன்று வருடத்துக்கு கையெழுத்துப் பிரதி அவரிடம் இருக்கும், எந்த வீட்டில் வாசித்தாலும் அவரே பிரதியை எடுத்துக்கொண்டு கூடவே வருவார், அந்தச் சாக்கில் பெரிய மனிதர் வீடுகளில் நுழையலாம் என்பது அவர் கணக்கு. இப்போது யார் வேண்டுமானாலும் கேட்கலாம்.

மழைநாள்:

எல்லாருக்கும் நன்றி. நேற்று ராத்திரி ஒரு காரியம் செய்தேன். சின் ரெஸ்டின் திருகைக் கழற்றி, கட்டையை நடுவில், டெயில்பீஸ் மேலே நகர்த்தி மாட்டினேன், ஷ்போர் வைத்த இடத்தில். நடுவில் மாட்டச் செய்த கட்டை இல்லை என்பதால் கொஞ்சம் கோணலாகத்தான் நின்றது. தலையைத் திருப்பாமல் நேராகப் பார்த்துக்கொண்டு வாசிக்க வேண்டியிருக்கிறது, கழுத்தில் படவேயில்லை, ஆனால் வில் நுனி வரை போக என் கை போதவில்லை. அவருக்குப் போதியிருக்கும். இன்று வகுப்பில் ஆசிரியர் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் திருகாணியை எடுத்தார், பழைய இடத்துக்கே மாற்றினார், மேலே ஒரு கைக்குட்டையை மடித்து வைத்தார். பருத்திதான், கேசட் சார்.